எங்க ஊருக்கு ஏன் பிளேன் வரலை?

திண்டுக்கல்லில் இருந்து இரண்டு பெரிய 'டேக் ஆஃப்' நடந்திருக்கிறது. முதலாவது, 1755. மைசூர் படையில் இருந்த ஹைதர் அலி என்கிற தளபதி, திண்டுக்கல் சீமைக்கு ஃபௌஜ்தாராக வந்து சேர்ந்தார். மலைக்கோட்டையில் உட்கார்ந்துகொண்டு படை சேர்த்தார், பணம் சேர்த்தார். சில வருடங்களில் மைசூர் ராஜ்ஜியமே அவர் கைக்குள். இரண்டாவது, 1973 மே. அ.தி.மு.க. ஆரம்பித்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. திண்டுக்கல் நாடாளுமன்ற இடைத்தேர்தலில் மாயத்தேவரை நிறுத்தினார் எம்.ஜி.ஆர். ஜெயித்தார். அதற்குப் பிறகு தமிழ்நாட்டு அரசியல் பறந்த உயரம் உங்களுக்கே தெரியும்.

இவ்வளவு பேரைப் பறக்கவிட்ட ஊரில் ஒரு ஓடுபாதை கிடையாது.

தேர்தல் நேரத்தில் யாராவது ஒருத்தர் டீக்கடையில் ஆரம்பிப்பார். "பூட்டு இருக்கு, தோல் ஷாப்பு இருக்கு, நிலக்கோட்டைப் பூவு இருக்கு, ஒட்டன்சத்திரம் மார்க்கெட் இருக்கு, பழனிக்கும் கொடைக்கானலுக்கும் கூட்டம் அம்முது. நம்மூருக்கு ஏன்யா ஒரு ஏர்போர்ட் வரலை?" கேட்பதற்கு நியாயமாகத்தான் இருக்கும். நானும் ரொம்ப காலம் தலையாட்டியிருக்கிறேன். பதில் தேடப் போனபோதுதான், இது ஊர்ப் பெருமை சமாசாரம் இல்லை, ஒரு யுத்தமும் ஒரு கணக்கும் சம்பந்தப்பட்ட சமாசாரம் என்று புரிந்தது.

முதலில் யுத்தம்.

தென்னிந்தியாவுக்கு விமானம் வந்தது தபால் மூட்டையோடு. 1932 அக்டோபர் 15. கராச்சியில் தபாலை ஏற்றிக்கொண்டு, அகமதாபாத் வழியாக பம்பாய் வரை தானே ஓட்டி வந்தார் ஜே.ஆர்.டி. டாட்டா. அங்கிருந்து பெல்லாரி வழியாக சென்னைக்குக் கொண்டுவந்தவர் அவரது கூட்டாளி நெவில் வின்சென்ட். ஒற்றை இன்ஜின் பஸ் மாத் விமானம். 1938-ல் அந்தச் சேவை திருச்சி வழியாக கொழும்புக்கு நீண்டது. திருச்சி முந்திக்கொண்டது இப்படித்தான். மதுரைக்கும் திண்டுக்கல்லுக்கும் அப்போது ரயில் போதும். திருச்சி - மதுரை ரயில் பாதை 1875-லேயே வந்துவிட்டதே.

1942 பிப்ரவரி 15. சிங்கப்பூர் ஜப்பானியர் கையில் விழுந்தது. பிரிட்டிஷார் அசைக்கவே முடியாது என்று நம்பியிருந்த கோட்டை. ஏப்ரல் 5, ஈஸ்டர் ஞாயிறு. கொழும்பின் மீது குண்டு. மறுநாள் விசாகப்பட்டினம், காக்கிநாடா. ஒன்பதாம் தேதி திருகோணமலை. சென்னை பாதி காலியானது. பெட்டி படுக்கையோடு ரயிலைப் பிடித்துச் சொந்த ஊருக்கு ஓடிவந்த கதையை எங்கள் பக்கத்துப் பெரிசுகள் நிறையப் பேர் சொல்லக் கேட்டிருக்கிறேன்.

அடுத்த குண்டு எங்கே விழும்? யாருக்கும் தெரியாது. ஆகவே பிரிட்டிஷ் விமானப் படைக்கு உடனடியாக இறங்குதளங்கள் தேவைப்பட்டன. தென்னாட்டின் பொட்டல்களில் அவசர அவசரமாக ஓடுபாதைகள் முளைத்தன. சோழவரம், உளுந்தூர்பேட்டை, செட்டிநாட்டுக் கானாடுகாத்தான், கயத்தாறு... லிஸ்ட் பெரிசு. மதுரைக்குத் தெற்கே அவனியாபுரத்தைத் தாண்டிய சமவெளியிலும் 1942-ல் ராயல் ஏர்ஃபோர்ஸ் இறங்கியது.

கவனியுங்கள். இங்கே பயணிகள் எத்தனை பேர், வியாபாரம் எவ்வளவு என்று யாரும் கணக்குப் பார்க்கவில்லை. கிழக்குக் கடற்கரைக்கும் இலங்கைக்கும் எவ்வளவு சீக்கிரம் பறக்க முடியும், நிலம் தட்டையாக இருக்கிறதா என்பதுதான் கேள்வி. திண்டுக்கல் சமவெளி என்று பூகோளப் புத்தகம் சொல்லும். ஆனால் கிழக்கே சிறுமலை, தென்மேற்கே கொடைக்கானல் மலை, ஊர் நடுவே கல்லுக்கட்டாக மலைக்கோட்டை. மதுரையின் தெற்குப் பொட்டல் மாதிரி மனம்போலப் பரந்து கிடக்கிற இடம் இல்லை இது.

மலை என்றால் விமானிக்கு என்ன அர்த்தம் என்பதை 1971-ல் எங்கள் பக்கம் ரத்தத்தோடு தெரிந்துகொண்டது. டிசம்பர் 9. பாகிஸ்தானோடு யுத்தம் நடந்துகொண்டிருந்த நேரம். மதுரையில் இறங்குவதற்காக உயரத்தைக் குறைத்துக்கொண்டே வந்த இந்தியன் ஏர்லைன்ஸின் ஆவ்ரோ விமானம், சின்னமனூர் பக்கத்து மலையில் மோதியது. உள்ளே இருந்தவர்கள் 31 பேர். இறந்தவர்கள் 21. வெளிச்சம் சரியில்லாத நேரத்தில் கண் பார்வையை நம்பி இறங்கியதுதான் காரணம். விமான நிலையம் இன்னும் எழுபது, எண்பது கிலோமீட்டர் தள்ளி இருந்தது. இன்று தேனி, திண்டுக்கல், மதுரை என்று பிரிந்து கிடக்கும் எல்லாமே அன்றைக்கு ஒரே மதுரை மாவட்டம். செய்தி எல்லா வீட்டுக்கும் வந்தது.

சரி, யுத்தம் முடிந்தது. போட்ட ஓடுபாதைகள் என்ன ஆயின?

இதுதான் சுவாரசியம். பெரும்பாலானவை அனாதையாயின. சோழவரத்தில் கார் ரேஸ் விட்டார்கள். ஐம்பதுகளில் ஆரம்பித்து வருடக்கணக்கில் நடந்த ரேஸ். சென்னைவாசிகளுக்கு சோழவரம் என்றாலே அதுதான் ஞாபகத்துக்கு வரும். கானாடுகாத்தானும் கயத்தாறும் வானத்தைப் பார்த்துக்கொண்டு கிடந்தன. கட்டபொம்மனைத் தூக்கில் போட்ட அதே கயத்தாறுதான். தஞ்சாவூர் நிலையத்துக்கு வேறு விதமான அதிர்ஷ்டம். வாயுதூத் என்று 1981-ல் மத்திய அரசு ஆரம்பித்த சின்ன ஊர் விமான நிறுவனம், கொஞ்ச காலம் தஞ்சாவூருக்குப் பறந்து பார்த்தது. ஆள் சேரவில்லை. நிறுத்திவிட்டார்கள். பிறகு 2013-ல் விமானப் படைத் தளம், 2020 ஜனவரியில் சுகோய்-30 ஸ்க்வாட்ரன். யுத்தத்துக்குப் போட்ட பாதை யுத்தத்துக்கே திரும்பிப் போனது.

மதுரை தப்பியது. காரணம் எளிது. மீனாட்சி அம்மன் கோயில், பெரிய வியாபாரம், சுற்றிலும் ஏழெட்டு மாவட்ட ஜனம். ஐம்பதுகளின் பிற்பாதியில் பயணிகள் விமானம் வர ஆரம்பித்தது. ஆனால் அது ரொம்ப காலம் ஒரு பெரிய பஸ் ஸ்டாண்டின் காத்திருப்போர் அறை மாதிரிதான் இருந்தது. நாளைக்கு ஓரிரண்டு விமானம். வந்து இறங்கினால் அரசியல்வாதி, டாக்டர், மில் முதலாளி, சினிமா நடிகர்.

எனக்கு விவரம் தெரிந்து எங்கள் வீட்டில் முதல் முதலாக விமானம் ஏறியவர் என் தாய்மாமா. துபாய்க்கு வேலைக்குப் போனார். எண்பதுகளின் கடைசி. மதுரையிலிருந்து வெளிநாட்டுக்கு விமானமே கிடையாது. மெட்ராஸ் போய் ஏற வேண்டும். குடும்பமே மெட்ராஸ் போக யாரிடம் காசு இருக்கிறது? திண்டுக்கல் ரயில்வே ஸ்டேஷனில் ராத்திரி பாண்டியன் எக்ஸ்பிரஸ் வந்து நின்றதும் அத்தை ஆரம்பித்த அழுகை, ரயில் சிக்னல் தாண்டிய பிறகும் ஓயவில்லை. எங்கள் தலைமுறைக்கு ஏர்போர்ட் என்பது திண்டுக்கல் ஜங்ஷனின் அந்த பிளாட்பாரம்தான்.

மதுரைக்கு விடிவு 2010-ல் வந்தது. செப்டம்பரில் புது முனையம் திறந்தார்கள். செலவு கிட்டத்தட்ட 130 கோடி. ஒரே சமயத்தில் போகிறவர்கள் 250 பேர், வருகிறவர்கள் 250 பேர் என்று ஐந்நூறு பேரைத் தாங்குகிற கட்டடம். ஓடுபாதை 7,500 அடி, அதாவது 2,286 மீட்டர். ஏர்பஸ் 320, போயிங் 737 இறங்கி ஏறத் தாராளம். அதற்கு மேல் பெரிசு வேண்டுமென்றால் இடிக்கும். 2012-ல் சுங்க விமான நிலையம் என்று அறிவிப்பு வந்தது. அந்த வருடம் செப்டம்பர் 20-ம் தேதி கொழும்புக்கு முதல் வெளிநாட்டு விமானம் புறப்பட்டது. அடுத்த வருடம் துபாய்.

அந்த துபாய் விமானத்தில் ஏறியவர்களில் அதே மாமாவின் பையனும் உண்டு. இந்தத் தடவை குடும்பம் ஸ்டேஷனோடு நிற்கவில்லை. பதிமூன்று பேர், ஒரு வேன், ஒரு தூக்குவாளி புளியோதரை. வாசலில் நின்று கண்ணாடி வழியாகக் கை காட்டினார்கள். அத்தை இந்த முறையும் அழுதாள். ஆனால் மத்தியானச் சாப்பாட்டுக்கு திண்டுக்கல் திரும்பிவிட்டாள்.

ஒரு விமான நிலையம் சாமானியனுக்கு என்ன செய்யும் என்று யாராவது கேட்டால் நான் இதைத்தான் சொல்வேன். பறக்கிறவனைவிட, வழியனுப்புகிறவனுக்கு அது அதிகம் செய்கிறது.

அப்படியென்றால் திண்டுக்கல்லுக்கும் ஒன்று கேட்கலாம்தானே? இங்கேதான் இரண்டாவது விஷயம். கணக்கு.

நான் காமர்ஸ் படித்தவன். விமானத்தைப் பார்த்தால் இறக்கை தெரியாது, லாப நஷ்டக் கணக்குதான் தெரியும். மன்னிக்கவும்.

சின்ன ஊர்களுக்கு வருவது பெரும்பாலும் ஏ.டி.ஆர். ரக விமானம். எழுபது சீட்டு சொச்சம். இறங்க 1,400 மீட்டர் பாதை இருந்தால் சமாளித்துவிடும். ஆனால் பாதை மட்டும் போதுமா? கட்டுப்பாட்டுக் கோபுரத்தில் ஆள் வேண்டும். விமானம் இறங்கும் நேரமெல்லாம் தீயணைப்பு வண்டி தயாராக நிற்க வேண்டும். பெட்டிகளைச் சோதிக்கிற எக்ஸ்ரே மெஷின், துப்பாக்கியோடு காவல், வானிலை சொல்கிறவர், எரிபொருள் வண்டி, ஒரு ஆம்புலன்ஸ். ஒரு நாளைக்கு ஒரே ஒரு விமானம் வந்தாலும் இவ்வளவும் வேண்டும். ஒருத்தர்கூட ஏறாவிட்டாலும் வேண்டும்.

விமான கம்பெனிக்கும் அதே தலைவலி. வத்தலக்குண்டு பஸ்ஸில் பத்துப் பேர் ஏறினாலும் அறுபது பேர் ஏறினாலும் டீசல் ஏறக்குறைய ஒன்றுதான். விமானத்திலும் அப்படித்தான். பைலட் சம்பளம், விமான வாடகை, இறங்குகிற கட்டணம் எதுவும் குறையாது. அதோடு, இன்று காலியாகப் போன சீட்டை நாளைக்கு விற்க முடியாது. நிலக்கோட்டை மல்லிகை மாதிரி. காலையில் விலை போகாத மொட்டு, சாயங்காலம் மலர்ந்துவிட்டால் சந்தையில் சீண்ட ஆள் இல்லை.

இந்தக் கணக்கு எப்படிக் கழுத்தை நெரிக்கும் என்று பார்க்க சேலத்துக்குப் போகவேண்டும். ஓமலூர் பக்கம் காமலாபுரம். 1993-ல் திறந்த விமான நிலையம். ஓடுபாதை 1,806 மீட்டர். சேலம் சின்ன ஊரா? ஸ்டீல் பிளான்ட், ஜவ்வரிசி, ஜவுளி, வெள்ளிக் கொலுசு என்று பணம் புரளும் ஊர். என்.ஈ.பி.சி. விமானம் வந்தது. நின்றது. அப்புறம் பல வருடம் ஈ ஓட்டினார்கள். 2009-ல் கிங்ஃபிஷர் வந்தது, சென்னைக்குப் பறந்தது. 2011-ல் நின்றது. அடுத்த வருடம் அந்த கம்பெனியே நின்றுவிட்டது. 2018 மார்ச்சில் ட்ரூஜெட். 2021-ல் அதுவும் நின்றது. 2023 அக்டோபரில் அலையன்ஸ் ஏரும் இண்டிகோவும் வந்து பெங்களூரு, கொச்சி, ஹைதராபாத், சென்னை என்று மறுபடி கொடியேற்றினார்கள். முப்பது வருடத்தில் நாலு கிரகப்பிரவேசம்!

ஒவ்வொரு தடவையும் ரிப்பன் வெட்டியபோது, தினமும் பறக்கப்போகிறவர்கள் எத்தனை பேர் என்பதைவிட, ஊருக்கு விமானம் வருகிறது என்ற சந்தோஷம்தான் பெரிதாக இருந்தது. சேலத்துக்காரருக்கு ராத்திரி சென்னைக்கு ரயில் இருக்கிறது. நாலு வழிச் சாலை இருக்கிறது. கோவை, பெங்களூரு விமான நிலையங்கள் காரில் போய்ச் சேரும் தூரம். அவர் எதற்குத் தினமும் காமலாபுரம் போவார்?

இதைச் சரிக்கட்ட மத்திய அரசு 2016-ல் 'உடான்' திட்டம் கொண்டுவந்தது. 2017 ஏப்ரலில் சிம்லா - டெல்லி முதல் விமானம். ஏற்பாடு என்னவென்றால், விமானத்தில் பாதி சீட்டு வரைக்கும் ஒரு மணி நேரப் பறப்புக்கு 2,500 ரூபாய் என்று கட்டண வரம்பு. அதனால் கம்பெனிக்கு விழுகிற துண்டை மூன்று வருடத்துக்கு அரசு மானியமாகத் தரும். மாநில அரசு விமான எரிபொருள் மீதான வரியை ஒரு சதவிகிதத்துக்கு இறக்க வேண்டும், போலீஸும் தீயணைப்பும் இலவசமாகத் தரவேண்டும், மானியத்திலும் பங்கு போடவேண்டும். சேலத்துக்கு ட்ரூஜெட் வந்தது இந்தத் திட்டத்தில்தான். அமெரிக்காவில் 1978-ல் விமானத் துறைக்கு இருந்த கட்டுப்பாடுகளை எடுத்தபோது, சின்ன ஊர்கள் அனாதையாகிவிடக் கூடாதென்று இதே மாதிரி மானியத்தை ஆரம்பித்தார்கள். அப்புறம் நிறுத்தவே முடியவில்லை.

உடான் ஜெயித்ததா? 2023-ல் வந்த தலைமைக் கணக்குத் தணிக்கையாளர் அறிக்கை சொல்கிறது. முதல் மூன்று சுற்றுகளில் ஒதுக்கியது 774 வழித்தடங்கள். அதில் 403 தடங்களில் ஒரு விமானம்கூடக் கிளம்பவில்லை. கிளம்பிய 371-ல் மூன்று வருடத்தை முழுசாக ஓட்டியவை 112. மானியம் நின்ற பிறகும் 2023 மார்ச் வரை தாக்குப்பிடித்தவை வெறும் 54. நூற்றுக்கு ஏழு.

நம்மூர்ப் பக்கம் வேலூரும் நெய்வேலியும் இதே பட்டியலில் சேர்ந்தவை. ஓடுபாதையைச் செப்பனிட்டார்கள், முனையம் கட்டினார்கள். 2024 முடிகிற வரை டிக்கெட் வாங்கிய ஒரு பயணி அங்கே வந்து இறங்கவில்லை.

இப்போது திண்டுக்கல்லை இந்தக் கணக்கில் வைத்துப் பாருங்கள். மதுரை விமான நிலையம் சுமார் எழுபத்தைந்து கிலோமீட்டர். நாலு வழிச் சாலை. திருச்சி நூறு கிலோமீட்டர். கோவை நூற்றைம்பது சொச்சம். மூன்று பக்கமும் விமான நிலையம் இருக்கிற ஊர்! 2008-ல் வந்த மத்திய அரசின் கொள்கைப்படி, ஏற்கெனவே இருக்கிற விமான நிலையத்திலிருந்து 150 கிலோமீட்டருக்குள் புதிதாக ஒன்று வேண்டுமென்றால், பழையதற்கு அதனால் என்ன பாதிப்பு என்று ஆராய்ந்த பிறகுதான் முடிவெடுக்க முடியும். எங்கள் ஊர் அந்த வளையத்துக்குள் இரண்டு தடவை விழுகிறது. மதுரையிலிருந்து ஒரு வளையம், திருச்சியிலிருந்து ஒரு வளையம்.

இதெல்லாம் பணக் கணக்கு. இன்னொரு கணக்கு இருக்கிறது. அதை லெட்ஜரில் எழுத முடியாது.

மதுரை ஓடுபாதையை 12,500 அடிக்கு நீட்டவேண்டும் என்பது பல வருடத் திட்டம். பெரிய விமானம் வரும், சரக்கு ஏறும். நல்ல விஷயம்தான். ஆனால் ஓடுபாதை நீளும் திசையில் ஜனங்கள் இருக்கிறார்கள். சின்ன உடைப்பு என்று ஒரு கிராமம். 2024 நவம்பரில் அந்த ஊர்க்காரர்கள் தெருவில் உட்கார்ந்தார்கள். தண்ணீர்த் தொட்டி மேல் ஏறி நின்றார்கள். அவர்கள் கேட்டது விமானம் வேண்டாம் என்று இல்லை. "மாத்து இடமும் வீடும் கொடுத்துட்டு எங்களை நகர்த்துங்க" என்பதுதான். கோர்ட் வரை போனது. சேலத்திலும் இதே கதை. காமலாபுரம், தும்பிப்பாடி, பொட்டியபுரம், சிக்கனம்பட்டி என்று நாலு ஊரில் 570 ஏக்கர் எடுக்கப்போகிறோம் என்றதும், 2018-ல் விவசாயிகள் வயலில் இறங்கிப் போராடினார்கள்.

அவர்கள் கோபத்தில் அர்த்தம் இருக்கிறது. நாலு தடவை திறந்து மூன்று தடவை பூட்டிய ஒன்றுக்காகத் தோப்பைக் கொடு என்றால் யார் கொடுப்பார்கள்? விமானம் நின்றுபோனால் இன்னொரு கம்பெனி வரும். கிணறு மூடிப்போனால்?

திண்டுக்கல் சமவெளியில் ஒரு ஓடுபாதை போடுவதென்றால் நூற்றுக்கணக்கான ஏக்கர் வேண்டும். அது தரிசாகக் கிடக்காது. எங்கேயாவது ஒரு மல்லிகைத் தோட்டமாக, சின்ன வெங்காயக் காடாக, முருங்கைத் தோப்பாகத்தான் இருக்கும். எதை ஏற்றுமதி செய்ய ஏர்போர்ட் கேட்கிறோமோ, அதை அழித்துத்தான் ஏர்போர்ட் போடவேண்டியிருக்கும்!

போன மாசம் நிலக்கோட்டைப் பூ மார்க்கெட்டில் ஒரு விவசாயியிடம் இதைக் கேட்டேன். "உங்க ஊர்ப் பக்கம் ஏர்போர்ட் வந்தா நல்லதுதானே?" அறுபது வயதிருக்கும். பூக்கூடையை எடைத் தட்டில் வைத்துவிட்டுத் திரும்பினார்.

"ஏரோப்ளேன் மதுரையிலயே நிக்கட்டும் தம்பி. பூவு வாடாம அங்க போய்ச் சேர ஒரு ஐஸ் ரூமும், நேரத்துக்கு ஒரு வண்டியும் குடுங்க. அது போதும்."

டீக்கடையில் வருடக்கணக்காக நடக்கும் விவாதத்துக்கு அவர் ரெண்டு வரியில் தீர்ப்பு சொல்லிவிட்டார். குளிர்பதனக் கிடங்கு, மொட்டு மலர்வதற்குள் விமானத்தைப் பிடிக்கிற சரக்கு வசதி, திண்டுக்கல்லிலிருந்து நேராக மதுரை விமான நிலைய வாசலில் இறக்கிவிடுகிற பஸ். போன தடவை நான் பஸ்ஸில் போனபோது ஆரப்பாளையத்தில் இறங்கி, பெட்டியோடு இன்னொரு பஸ் மாறி, அப்புறம் ஆட்டோ பிடித்துப் போய்ச் சேர்ந்தேன். பறந்த நேரத்தைவிட அது அதிகம். இதைச் சரிசெய்ய ஒரு சென்ட் நிலம்கூட எடுக்க வேண்டியதில்லை.

2024 அக்டோபரிலிருந்து மதுரை விமான நிலையம் இருபத்துநாலு மணி நேரமும் திறந்திருக்கிறது. விடிகாலை மூன்று மணிக்கு நிலக்கோட்டையில் பூப் பறிக்க டார்ச் லைட் கட்டிக்கொண்டு ஜனம் தோட்டத்தில் இறங்கும் நேரத்தில், அங்கேயும் விளக்கு எரிகிறது. இரண்டு வெளிச்சத்துக்கும் நடுவில் இருக்கிற தூரத்தைக் குறைத்தால் போதும்.

அடுத்த தேர்தலில் யாராவது "உங்கள் ஊருக்கு ஏர்போர்ட் கொண்டுவருவேன்" என்று மைக் பிடித்தால், திண்டுக்கல்காரர்கள் கைதட்டுவதற்கு முன்னால் ஒரே ஒரு கேள்வி கேட்கவேண்டும்.

"யார் தோட்டத்துல?"